உண்ணிக் காய்ச்சல் என்னும் பெயர்

இச்சொற்பொழிவு வரிசையில் இலக்கியமும் இலக்கணமும் பேசப்படுவதே வழக்கம். காய்ச்சலைப் பற்றிய உரைக்கு இங்கு இடமேது என்று கேட்போர் இருக்கலாம். கேட்பது முறையே. ஆயினும், இந்நாட்டுத் தோட்டப்புறங்களில் நம் முன்னோரைத் தாக்கிய ஒரு காய்ச்சலின் வரலாற்றைப் படிக்கும்போது, அதில் பாதி மருத்துவ வரலாறாகவும் மீதி பெயரிடலின் வரலாறாகவும் இருப்பதைக் காண்கிறோம். பெயர் தெளிவுற்ற பின்னரே நோய் பிடிபட்டது. அப்பெயர் தமிழில் இன்றும் தெளிவுறவில்லை என்பதே இக்கட்டுரை எழுந்த காரணம்.

நாகப்பட்டினத்தில் கப்பலேறிப் பினாங்குத் துறைமுகத்தை அடைந்த தளப்பயணிகளுள் பலர், கரையேறியவுடன் தோட்டங்களுக்கு அனுப்பப்படவில்லை. தீவின் கிழக்குக் கரையை அடுத்துள்ள ஜெரெஜாக் தீவில், தொற்றுத்தடைக் கொட்டகைகளில் அவர்கள் தங்கவைக்கப்பட்டனர். அம்மையும் வாந்திபேதியும் கப்பலோடு வந்துவிடும் என்பது அரசின் அச்சம். அவ்வச்சத்தில் நியாயம் உண்டு. ஆனால் துறைமுகத்தின் கண் முழுவதும் கடலையே நோக்கியிருந்தது. அம்மை குத்தப்பட்டு, நாள் கணக்குத் தீர்ந்து, செபராங் பிறையின் கரும்புத் தோட்டங்களுக்கும் பேராக், சிலாங்கூர் மாநிலங்களின் புதிய தோட்டங்களுக்கும் சென்ற தொழிலாளர்களுக்காக, எந்தக் கப்பலும் ஏற்றி வராத ஒரு நோய் இந்நாட்டுப் புல்லிலேயே காத்திருந்தது.

அந்நோயின் கதைக்கு முன், உண்ணி என்னும் உயிரை அறிந்துகொள்வோம்.

உண் என்னும் வினையடியிலிருந்து பிறந்த சொல் உண்ணி. உண்பது என்பதே பொருள். ஊனுண்ணி, ஒட்டுண்ணி எனப் பொதுப்பெயராகப் பல சொற்களில் நிற்கும் இது, தனித்து நிற்கையில் மாட்டின் மடியிலும் நாயின் காதிலும் ஒட்டிக் குருதி குடிக்கும் சிற்றுயிரையே குறிக்கும். மாடு மேய்த்த சமுதாயத்துக்கு இவ்வுயிர் மிகப் பழக்கமானது. மாட்டின் பின்னே நடந்து பூச்சி பொறுக்கும் வெண்பறவையை உண்ணிக்கொக்கு என்றோம். வேலியோரத்தில் மண்டும் ஒரு புதரை உண்ணிச்செடி என்றோம். குருதி குடித்து ஊதிய பெண்ணுண்ணி ஆமணக்கு விதைபோல் இருக்கும் என்பதை மாடு வளர்த்த எவரும் அறிவர். இலத்தீன் மொழியினரும் அவ்வாறே கண்டனர் போலும். ஆமணக்குக்கு அவர்கள் இட்ட ரிசினஸ் என்ற பெயருக்கு உண்ணி என்பதே பொருள்.

உண்ணி பூச்சியினம் அன்று. சிலந்தி, தேள் ஆகியவற்றின் உறவு. வளர்ந்த உண்ணிக்கு எட்டுக் கால்கள். முட்டையிலிருந்து வெளிவரும் குஞ்சுக்கு ஆறே கால்கள். குஞ்சு, இளரி, முதிர்ந்தது என்னும் மூன்று பருவங்களிலும் அதற்குக் குருதி வேண்டும். பல இனங்கள் ஒவ்வொரு பருவத்திலும் வெவ்வேறு விலங்கை நாடுகின்றன. ஒரு விலங்கிடம் பெற்ற நோய்க்கிருமியை மற்றொன்றிடம் சேர்க்கும் வாய்ப்பு அதனால் பெருகுகிறது. உண்ணிக்குப் பறக்கத் தெரியாது, தாவவும் தெரியாது. புல் நுனியில் ஏறி, முன்னங்கால்களை விரித்து நீட்டிக் காத்திருக்கும். அக்கால்களில் அமைந்த நுண்ணுறுப்பு, அருகே வரும் விலங்கின் மூச்சுக்காற்றையும் உடல் வெப்பத்தையும் உணரவல்லது. உராய்ந்து செல்லும் காலைப் பற்றிக்கொள்ளும். மெல்லிய தோலைத் தேடி ஊர்ந்து, வாயுறுப்பைப் புதைத்துப் பல நாள் அங்கேயே தங்கிவிடும். அதன் எச்சிலில் வலி தோன்றாமல் செய்யும் பொருள்கள் உள்ளமையால் கடிபட்டவர் பெரும்பாலும் உணர்வதில்லை. மலேசியாவிலும் இலங்கையிலும் காதுத் துளைக்குள் உண்ணி புகுந்து ஒட்டிய செய்திகளை மருத்துவ ஏடுகள் பலமுறை பதிந்துள்ளன. காதுவலி என்று வரும் குழந்தையின் செவிக்குள் இவ்விருந்தாளியைக் காண்பது மருத்துவருக்கும் வியப்பாகவே இருக்கும்.

நம் பழைய காய்ச்சலுக்குக் காரணமான உயிர் இவ்வுண்ணி அன்று. அதன் மிகச் சிறிய உறவான வேறோர் உயிர். மலாய் மொழியில் உண்ணியைச் செங்கெனிட் என்பர். இச்சிற்றுயிரைத் துங்காவ் என்பர். இரண்டும் வேறு என்பது மலாய்க்காரருக்குப் பெயரிலேயே விளங்கிவிடுகிறது. தமிழில் இதற்கு நிலைத்த பெயர் இல்லை. வேளாண் நூல்கள் இவ்வினத்தின் உறவுகளைச் சிலந்திப்பேன் என்கின்றன. செய்தித்தாள்கள் உண்ணி என்றே எழுதுகின்றன. இங்கு இதனைச் சிற்றுண்ணி என்று அழைப்போம்.

சிற்றுண்ணியின் வாழ்க்கை வியப்புக்குரியது. வளர்ந்த சிற்றுண்ணி மண்ணில் வாழ்ந்து பூச்சிகளின் முட்டைகளைத் தின்னும். மனிதரிடம் அதற்கு வேலையில்லை. அதன் குஞ்சு மட்டுமே, வாழ்நாளில் ஒரே முறை, எலியின் செவியையோ மனிதரின் தோலையோ நாடும். செம்மஞ்சள் நிறம், ஏறத்தாழ 0.2 மில்லிமீட்டர் நீளம். கூர்ந்து நோக்கினால் ஒரு மகரந்தத் துகள் போலத் தோன்றும். அது குருதி குடிப்பதில்லை. எச்சிலால் தோலின் திசுவைக் கரைத்து, அந்நீரை உறிஞ்சிச் சில நாளில் உதிர்ந்துவிடும். ஓரியன்ஷியா சுட்சுகாமுஷி என்னும் நுண்ணுயிர் அவ்வெச்சில் வழியே மனித உடலுள் புகுகிறது. தாய்ச் சிற்றுண்ணியிடமிருந்து முட்டை வழியே குஞ்சுக்கு இந்நுண்ணுயிர் கைமாறுவதால், சில நிலத்துண்டுகள் தலைமுறை தலைமுறையாக நோய்நிலங்களாகவே நீடிக்கின்றன. ஒரு திட்டில் அமர்ந்தவர் நோயுறுவார். நூறடி தள்ளி அமர்ந்தவர்க்கு ஒன்றும் நேராது.

கோலாலம்பூர் மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் 1900இல் நிறுவப்பட்டது. அங்குப் பணியாற்றிய வில்லியம் பிளெட்சரும் ஜே. ஈ. லெஸ்லரும் 1920களின் நடுவில், டைபஸை ஒத்த ஒரு காய்ச்சலை ஆராய்ந்தனர். ஐரோப்பாவின் டைபஸ் பேனால் பரவுவது; போரும் பஞ்சமும் குளிரும் கூடிய இடத்து நோய். வெப்பநாடான மலாயாவில் அது எவ்வாறு வரும்? நோயாளியின் குருதிநீரைப் புரோட்டியஸ் என்னும் பாக்டீரியாவோடு கலந்து, அது திரள்கிறதா என்று பார்க்கும் சோதனை அப்போது வழக்கிலிருந்தது. நகரத்து நோயாளிகளின் குருதிநீர் எதிர்பார்த்தவாறே திரட்டியது. தோட்டத்து நோயாளிகளின் குருதிநீர் அவ்வாறு செய்யவில்லை. கிங்ஸ்பரி என்ற ஆய்வாளர் இங்கிலாந்திலிருந்து கொண்டுவந்த பாக்டீரியா வளர்ப்போ முற்றிலும் தலைகீழாக நடந்துகொண்டது. தோட்டத்து நோயாளியின் குருதிநீரிலேயே அது திரண்டது, நகரத்தாரிடம் திரளவில்லை. அவ்வளர்ப்பு தன் பழைய இயல்பினின்று திரிந்துபோன ஒன்று. ஒரு பிழையான குப்பியே இரு நோய்களைப் பிரித்துக் காட்டிவிட்டது. கிங்ஸ்பரியின் முதலெழுத்தான 'கே', அச்சோதனையின் பெயரில் இன்றளவும் நிற்கிறது.

இவ்வாறு மலாயாவில் இரு டைபஸ்கள் உண்டு என்பது தெளிந்தது. ஒன்று கடை டைபஸ். எலித் தெள்ளால் பரவுவது. அரிசிக் கிடங்குகளும் மளிகைக் கடைகளும் நிறைந்த, பினாங்கைப் போன்ற நகரங்களுக்குரியது. மற்றது புதர் டைபஸ். வெளியில் உழைப்போரைப் பற்றுவது. நோய்க்கிருமியைக் கண்ணாற் காணுமுன்பே, நோயாளி எங்கு நின்று உழைத்தார் என்பதைக் கொண்டு பெயரிட்டமையே இவ்வாய்வாளர்களின் கூர்மை என்பேன்.

புதர் டைபஸ் செம்பனைத் தோட்டங்களில் மிகுந்து காணப்பட்டது. மலாயாவின் முதல் வணிகச் செம்பனைத் தோட்டம் 1917இல் கோல சிலாங்கூரை அடுத்த தென்னமரத்தில் தொடங்கப்பட்டது. பின்வந்த இருபதாண்டுகளில் காடுகள் பல அவ்வழியே சென்றன. காட்டை அழித்த இடத்தில் முதலில் எழுவது லாலான் புல். லாலானிலும் புதரிலும் எலி பெருகும். செம்பனைப் பழம் எலிக்கு விருந்து. எலி பெருகிய இடத்தில் சிற்றுண்ணி பெருகும். அந்நிலத்தில் முழங்கால் வரை வேட்டியை மடித்துக் கட்டிய ஆணும், சேலையைத் தூக்கிச் செருகிய பெண்ணும் நாள் முழுதும் குனிந்து புல் வெட்டினர். களைத்தபோது அப்புல்லின் மீதே அமர்ந்து உண்டனர். பிற்காலத்தில் அதே கழகத்தில் சிற்றுண்ணிகளை விரிவாக ஆராய்ந்த ரால்ஃப் ஆடி, இந்நோய் தீண்டப்படாத காட்டின் நோயன்று, மனிதர் வெட்டிக் கைவிட்ட நிலத்தின் நோய் என்னும் கருத்தை வலியுறுத்தினார். மருந்து வருமுன் இக்காய்ச்சல் சில இடங்களில் பத்தில் மூவர் வரை உயிர்பறித்தது. தோட்டத்து மருத்துவமனையில் டிரசர் கையிலிருந்த கொய்னா இதற்குப் பயன்படவில்லை. மலேரியாவென்றே எண்ணிப் புதைக்கப்பட்டோர் எத்தனை பேரென யாரும் எண்ணிவைக்கவில்லை.

பெயர்க் குழப்பம் இத்துடன் தீரவில்லை. ஜப்பானிய ஆற்றங்கரைகளில் நெடுங்காலமாக அறியப்பட்ட சுட்சுகாமுஷி என்னும் காய்ச்சலும் மலாயாவில் காணப்பட்டது. கடிவாயில் கரிய பொருக்குப் புண் இருந்தால் அது சுட்சுகாமுஷி. புண் இல்லையேல் அது புதர் டைபஸ் என்று மருத்துவர் பிரித்து எழுதினர். ஆர். லூத்வெயிட்டும் எஸ். ஆர். சவூரும் விலங்குகளில் ஆண்டுக்கணக்கில் நடத்திய ஆய்வுகளால், இரண்டும் ஒரே நோய் என்பதை நிறுவி 1940இல் வெளியிட்டனர். புண் சிலரிடம் தோன்றும், சிலரிடம் தோன்றாது, அல்லது தேடப்படாது. அவ்வளவே வேறுபாடு. ஒரு நோய் இரு பெயர்களோடு உலவிய காலம் அவ்வாறு முடிந்தது.

அடுத்த திருப்பம் 1948இல் நேர்ந்தது. ஜோசப் ஸ்மாடெல் தலைமையில் அமெரிக்க மருத்துவக்குழு ஒன்று குளோரோமைசெட்டின் என்னும் புதிய மருந்தோடு கோலாலம்பூருக்கு வந்து, லூத்வெயிட், சவூர் ஆகியோருடன் இணைந்து புதர் டைபஸ் நோயாளிகளுக்கு அதனை அளித்தது. இரண்டு வாரமேனும் எரிக்கும் காய்ச்சல் ஓரிரு நாளில் தணிந்தது. புதர் டைபஸ் என்று எண்ணி மருந்து கொடுக்கப்பட்ட இருவர்க்கு உண்மையில் இருந்தது குடற்காய்ச்சலாகிய டைபாய்டு, அவர்களும் தேறினர். அதுவரை மருந்தே இல்லாதிருந்த டைபாய்டுக்கு உலகின் முதல் மருந்து, இந்நாட்டில், ஒரு தவறான நோய்க்கணிப்பின் வழியே கிடைத்தது. நம் பள்ளிப் பாடநூல்களில் இச்செய்தி இடம்பெறத் தகும்.

இன்று இக்காய்ச்சலுக்குக் கொடுக்கப்படுவது டாக்சிசைக்ளின். கருவுற்ற மகளிர்க்கு அசித்ரோமைசின். இரண்டும் விலை மலிந்தவை, எளிதிற் கிடைப்பவை. நோய் முற்றி நுரையீரலும் மூளையும் தாக்குண்டவர்க்கு இரண்டையும் சேர்த்து நரம்பு வழியே கொடுப்பது, ஒன்றை மட்டும் கொடுப்பதைவிட மேலானது என்பதை வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியின் முன்னெடுப்பில் இந்திய மருத்துவமனைகள் பல இணைந்து நடத்திய ஆய்வு 2023இல் காட்டியது. அவ்வாறு ஓர் ஆய்வு தேவைப்பட்டதே, நோயாளிகள் காலந்தாழ்ந்து வருகின்றனர் என்பதற்குச் சான்று. பென்சிலினும் அதன் உறவு மருந்துகளும் இந்நோயைத் தொடுவதில்லை. எனவே, 'ஆன்டிபயாட்டிக் ஒரு வாரம் சாப்பிட்டும் கேட்கவில்லை' என்று கூறும் நோயாளி, தவறான மருந்தைச் சாப்பிட்டிருக்கக்கூடும்.

இங்குதான் சொல்லின் பொறுப்பு தொடங்குகிறது. தமிழ்நாட்டுச் செய்தித்தாள்கள் புதர் டைபஸை உண்ணிக் காய்ச்சல் என்று எழுதுகின்றன. அன்று ஒரு நோய்க்கு இரு பெயர். இன்று இரு நோய்க்கு ஒரு பெயர். காய்ச்சலோடு வந்தவரை மருத்துவர், 'உண்ணி கடித்ததா?' என்று கேட்கிறார். நோயாளி தன் மனத்தில் மாட்டுண்ணியை நினைத்துக்கொண்டு, 'இல்லை' என்கிறார். அவர் பொய் சொல்லவில்லை. சிற்றுண்ணியை அவர் காணவே முடியாது. அது காய்ச்சல் தொடங்குவதற்குப் பத்து நாள் முன்பே உதிர்ந்துவிட்டது. வினா தவறாக அமைந்ததால் விடையும் தவறாகிறது. நோய்க்கணிப்பு வேறு திசையில் செல்கிறது. பினாங்கில் அத்திசை பெரும்பாலும் டெங்கி. இரண்டிலும் கடுங்காய்ச்சல், தலைவலி, உடல்வலி. இரண்டிலும் இரத்தத் தட்டணுக்கள் குறையலாம். டெங்கிச் சோதனையில் ஒன்றும் இல்லையென வந்து, காய்ச்சல் ஐந்து நாளைத் தாண்டியபின் எழவேண்டிய ஐயம் பல வேளைகளில் எழுவதில்லை.

கேட்கவேண்டிய வினாக்கள் வேறு. கடந்த மூன்று வாரங்களில் புல்லிலோ புதரிலோ தோட்டத்திலோ மலைப்பாதையிலோ நடந்தீர்களா, அமர்ந்தீர்களா? உடலில் எங்கேனும் வலியற்ற கரும்பொருக்கு உண்டா? சிகரெட் நெருப்பால் சுட்டது போன்ற, சுற்றிலும் சிவந்த அப்பொருக்கு, அக்குள், தொடையிடுக்கு, இடுப்புக்கயிறு படியும் இடம், மார்பகத்தின் கீழ், காதின் பின்புறம் ஆகிய மறைவிடங்களையே நாடும். வலிக்காததால் நோயாளி அதனைக் குறிப்பிடுவதில்லை, நாணத்தால் காட்டுவதுமில்லை. வயது முதிர்ந்த தாய்மார் இதில் குறிப்பாகக் கவனிக்கத் தக்கவர்கள். ஆண் மருத்துவரிடம் கூறத் தயங்குவோரை வீட்டுப் பெண்களோ செவிலியரோ தனித்து அழைத்துப் பார்ப்பது பல நாள் சோதனைகளை மிச்சப்படுத்தும். பொருக்கு காணப்படவில்லை என்பதனாலேயே நோய் இல்லையென்று முடிவு செய்யலாகாது என்பதை 1940இன் படிப்பினை சொல்லும்.

உண்மையான உண்ணி பரப்பும் நோய்களும் நம் உலகில் உண்டு. உண்ணி டைபஸ் இந்தியாவில் பல பகுதிகளில் காணப்படுகிறது. இலங்கையில் கண்டியை உள்ளிட்ட மலைநாட்டில் அவ்வினக் காய்ச்சல் மிகுதி, யாழ்ப்பாணத்திலோ புதர் டைபஸே மிகுதி. இவற்றுக்கும் டாக்சிசைக்ளினே மருந்து. நச்சுயிரால் வரும் உண்ணிக் காய்ச்சல் வேறு வகை. 1957இல் கர்நாடகத்தின் சிவமொக்கா மாவட்டத்துக் கியாசனூர்க் காட்டில் குரங்குகள் மடிந்து விழுந்தன. அடுத்து ஊரார் காய்ச்சலுற்றனர். குரங்குக் காய்ச்சல் எனப்படும் அந்நோய் 2012க்குப் பின் பண்டிப்பூர், நீலகிரி, வயநாடு எனத் தெற்கே இறங்கியுள்ளது. அதற்கு டாக்சிசைக்ளின் பயன்படாது. தனி மருந்தும் இல்லை. மலாயாவிலோ, கியாசனூருக்கு ஓராண்டு முன்னரே, 1956இல், காட்டெலியின் உண்ணியிலிருந்து அதே குடும்பத்து நச்சுயிர் ஒன்று கண்டெடுக்கப்பட்டு, லங்காட் என்று பெயர்பெற்றது. நற்பேறாக, இயற்கையில் அது மனிதரை நோயுறச் செய்ததாகத் தெரியவில்லை. அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் பெரிதும் பேசப்படும் லைம் நோயை இணையத்தில் படித்து அஞ்சுவோர் இங்கும் உள்ளனர். கொடிமலையில் நடந்து திரும்பி ஒரு வாரம் கழித்துக் காய்ச்சலுறும் ஒருவர் முதலில் ஐயுறவேண்டியது லைம் நோயையன்று.

காப்பு முறைகள் எளியவை. முழுக்காற்சட்டையைக் காலுறைக்குள் செருகுதல். பூச்சி விரட்டியைக் கணுக்காலிலும் இடுப்பிலும் பூசுதல். புல்தரையில் வெறுமனே அமராமை. வீடு திரும்பியதும் சோப்பிட்டுக் குளித்து, உடையை வெந்நீரில் துவைத்தல். தோலில் ஒட்டிய உண்ணியைக் கண்டால் மண்ணெண்ணெய், சுண்ணாம்பு, நெருப்புக்குச்சி ஆகிய பாட்டி வைத்தியங்கள் வேண்டா. அவற்றால் எரிச்சலுற்ற உண்ணி, வயிற்றிலுள்ளதைக் கடிவாய்க்குள் கக்கிவிடக்கூடும். கூர்முனை இடுக்கியால் தோலை ஒட்டி அதன் வாய்ப்பகுதியைப் பற்றி, திருகாமல், நசுக்காமல், நேராக மெல்ல இழுத்து எடுத்து, அவ்விடத்தைச் சோப்பால் கழுவவேண்டும். காதினுள் இருந்தால் தாமே எடுக்க முயலாது மருத்துவரிடம் செல்க. எடுத்த நாளை நாட்காட்டியில் குறித்துவைத்தல் நன்று. மூன்று வாரத்துக்குள் காய்ச்சல் வந்தால் அக்குறிப்பை மருத்துவரிடம் காட்டலாம்.

இனிப் பெயர். உண்ணிக் காய்ச்சல் என்பதை உண்ணி பரப்பும் நோய்களுக்கே உரியதாக வைத்துக்கொண்டு, சிற்றுண்ணி பரப்பும் இந்நோயைப் புதர்க்காய்ச்சல் என்று வழங்கலாம் என்பது என் பரிந்துரை. இச்சொல், 'எங்கே நடந்தீர்?' என்ற வினாவைத் தன்னுள்ளேயே கொண்டுள்ளது. காணவியலாத உயிரை நோயாளி கண்டதாக எதிர்பார்க்கவில்லை. மாற்றுச்சொல் கூறுவோர் கூறுக. கலைச்சொற் குழு அதனை ஆராய்க. குழு முடிவு செய்யும் வரை, தமிழில் நோயாளியோடு பேசும் மருத்துவரும் செவிலியரும், 'உண்ணி கடித்ததா?' என்று கேட்பதற்கு முன் 'புல்லில் உட்கார்ந்தீர்களா, அம்மா?' என்று கேட்கத் தொடங்கலாம். அதற்குக் குழுவின் ஒப்புதல் வேண்டியதில்லை.